பெயரில்லாதவருக்கு ஒரு பானைச் சோறு

ஏழு துறைமுகங்களும் ஒரே ஒரு கோட்டை வாசலும் கொண்ட ஆழிமங்கலம் என்னும் நாட்டில், மக்கள் தத்தம் பெயரைத் தாங்களே வைத்துக்கொண்டிருந்த காலம் ஒன்று இருந்தது. யார் என்று கேட்டால் சொல்வார்கள், சொன்னால் நம்புவார்கள். ஒரு நாடு இத்தனை அஜாக்கிரதையாக நடக்கலாகாது என்று முதலில் கவலைப்பட்டவர் பெருங்காவலர். ஐந்தாண்டுக்கு ஒருமுறை மக்கள் தேர்ந்தெடுக்கும் பதவி அது. அவர் மூன்று முறை தேர்ந்தெடுக்கப்பட்டிருந்தார். கோட்டைச் சுவர் நெடுக அவர் பெயர் ஆளுயர எழுத்துகளில் எழுதப்பட்டிருந்தபடியால், அதை வாயால் சொல்லும் தேவை யாருக்கும் ஏற்படவில்லை.

அவருடைய ஆணைப்படி பெயர்க் காப்பு அமைச்சர் மகுடேசுவரர் ஒரு மாளிகை கட்டினார். குடிகள் எல்லோரும் அங்கே வரிசையில் நின்று, தம் பெயர், தாய் தகப்பன் பெயர், பிறந்த நாள், உடம்பிலுள்ள மச்சங்கள், சின்ன வயதில் வந்த காய்ச்சல், முதன்முதலில் மனதுக்குப் பிடித்தவர் யார் என்பது வரை எழுதிக் கொடுத்தார்கள். பதிலுக்கு ஆளுக்கொரு செம்பு வில்லை கிடைத்தது. அதைக் கழுத்தில் போட்டிருந்தால்தான் கோட்டைக்குள் நுழையலாம், அரிசி வாங்கலாம், வாக்களிக்கலாம்.

திறப்பு விழாவில் அமைச்சர் பேசினார்: "பெயர்கள் நாடெங்கும் சிதறிக் கிடந்தால் திருடன் எங்கே வேண்டுமானாலும் கை வைப்பான். அனைத்தையும் ஓரிடத்தில் சேர்த்துவிட்டோம். இனி ஒரே ஒரு கதவைப் பூட்டினால் போதும்!"

கைதட்டல் அடங்க வெகுநேரம் ஆயிற்று. அந்தக் கதவுக்கு, எழுத்தர்களின் வசதிக்காக, முப்பத்து நான்கு சாவிகள் செய்யப்பட்டன.

மூன்றாம் துறைமுகத்தில் சோற்றுக்கடை வைத்திருந்த செண்பகவல்லியும் வரிசையில் நின்று வில்லை வாங்கியவள்தான். அவள் புருஷன் ஆவுடையப்பன் கல்தச்சன். நடுக்கடல் பாறை ஒன்றில் கலங்கரை விளக்கம் கட்ட அவனை இரண்டு வருஷத்துக்கு அனுப்பினார்கள். மகள் வடிவுக்கு அப்போது நாலு வயது. நாட்டை விட்டு வெளியே போகிறவர்கள் வில்லையை மாளிகையில் ஒப்படைத்துவிட்டுப் போக வேண்டும் என்பது விதி. கடலில் விழுந்து தொலைந்துவிட்டால் என்ன செய்வது? ஆவுடையப்பனும் கழற்றிக் கொடுத்துவிட்டுத்தான் கப்பலேறினான்.

அவன் போன பிறகு, உச்சிவேளைக் கூட்டம் கலைந்ததும் செண்பகவல்லிக்குக் கை ஓடாது. அந்த நேரத்துக்குத்தான் அவன் புருவத்தில் கல்தூள் படிந்தபடி வந்து கடைசிப் பலகையில் உட்காருவான். இப்போது அந்தப் பலகையில் யார் உட்கார்ந்தாலும் அவளுக்கு ஒரு கணம் ஏமாற்றமாக இருந்தது. முகத்தைப் பார்க்காமல் சோற்றைப் போட்டுவிட்டு உள்ளே போய்விடுவாள்.

இரண்டு வருஷமும் இப்படியே போயிற்று. ஒருநாள் காலை பாறைக்குப் போன கப்பல் திரும்பி வந்தது. செண்பகவல்லி மகளுக்குத் தலை சீவிப் பூ வைத்துக் கோட்டை வாசலுக்கு அழைத்துப் போனாள். கம்பிக் கதவுக்கு அந்தப் பக்கம் தச்சர்கள் ஒவ்வொருவராக வந்து தம் பெயரைச் சொல்லி வில்லையைத் திரும்ப வாங்கிக்கொண்டிருந்தார்கள். ஆவுடையப்பன் பன்னிரண்டாவது ஆள். வெயிலில் கறுத்து மெலிந்திருந்தான். இடது காலில் பாரம் சாய்த்து நிற்பான் எப்போதும், அப்படியே நின்றான்.

"அம்மா, அதுதான் அப்பாவா?"

"அதுதாம்ட்டி. நல்லா பாரு."

வாசல் அதிகாரி ஏட்டைப் புரட்டினார். மறுபடி புரட்டினார். பிறகு எழுந்து நின்றார்.

"ஆவுடையப்பன் எட்டு மாதங்களுக்கு முன்பே நாடு திரும்பிவிட்டார். நீர் யார்?"

"நான்தான்யா ஆவுடையப்பன். அந்தா நிக்கிறது என் பெஞ்சாதி, என் மக. கேட்டுப் பாருங்க."

"உறவினர் சாட்சியம் செல்லாது. உறவினர்கள் பாசத்தால் பொய் சொல்லக்கூடும் என்று ஆணை இருக்கிறது" என்றார் அதிகாரி.

அவனை இரண்டு காவலர்கள் வேறு பக்கம் கூட்டிப் போனார்கள். அவன் திரும்பித் திரும்பிப் பார்த்துக்கொண்டே போனான். செண்பகவல்லி கம்பிக்குள் கையை விட்டு நீட்டினாள். எட்டவில்லை.

பெயரைப் பறிகொடுத்தவர்களுக்கு என்று அரசு ஓர் இடம் ஒதுக்கியிருந்தது. துறைமுகத்துக்கு எதிரே, கூப்பிடு தூரத்தில், மரமில்லாத மணல்தீவு. பெயரைக் காக்கத் தெரியாத கவனக்குறைவு ஒரு குற்றம் என்பதால், பெயர் தானாகத் திரும்பி வரும்வரை அவர்கள் அங்கே இருக்க வேண்டும். பெயரை எடுத்துக்கொண்டவர்களிடமோ முறையான வில்லை இருந்தது. முறையான வில்லை உள்ளவர் மீது நடவடிக்கை எடுக்கச் சட்டத்தில் இடமில்லை.

மறுநாள் அவள் மாளிகைக்குப் போனாள். ஒன்பதாம் சாளரத்தில் கயிலாசம் என்ற எழுத்தர் இருந்தார்.

"கணவர் பெயர்?"

கல்யாணமாகி எட்டு வருஷத்தில் அவள் அந்தப் பெயரை வாயால் சொன்னதில்லை. கண்ணை மூடிக்கொண்டு சொன்னாள்.

"உரக்கச் சொல்லுங்கள், அம்மணி. ஏழு முறை. விண்ணப்பத்தில் ஏழு கட்டங்கள் இருக்கின்றன."

ஏழு முறை சொன்னாள். கயிலாசம் ஏட்டைப் பார்த்துவிட்டு முகம் மலர்ந்தார்.

"மகிழ்ச்சியான செய்தி. உங்கள் கணவர் வந்துவிட்டார். நகரசபைத் தேர்தலில் வாக்கும் அளித்திருக்கிறார். பின்னே என்ன குறை?"

"வீட்டுக்கு வரலியே அய்யா. அவுக தீவுல நிக்காக. நேத்து என் ரெண்டு கண்ணால பாத்தேன்."

"தீவில் நிற்பவர் யாருமில்லை, அம்மணி. அதாவது, யாரோ ஒருவர் என்றுகூடச் சொல்ல முடியாது. யாருமில்லை." கயிலாசம் குரலைத் தாழ்த்தினார். "நான் சொல்லவில்லை, விதி சொல்கிறது."

அன்று முதல் சாயங்காலம் கடையை அடைத்ததும் செண்பகவல்லி மகளைக் கூட்டிக்கொண்டு அலைதடுப்புப் பாறைக்குப் போனாள். எதிர்க்கரையில் நானூறு பேர் நிற்பார்கள். அந்தக் கூட்டத்தில் இடது காலில் சாய்ந்து நிற்கும் ஓர் உருவத்தை அவள் கண் போனவுடன் பிடித்துவிடும். காற்று விழுந்த வேளைகளில் பேச்சுக் குரல்கூடக் கேட்டது. "வடிவூ!" என்று அவன் கூப்பிடுவான். குழந்தை, "ஆங்!" என்று பதில் சொல்லும். அவ்வளவுதான். பாறை முழுக்க இவளைப் போல எத்தனையோ பேர் நின்று கூப்பிட்டுக்கொண்டிருந்தார்கள். அந்த ஒரு நாழிகைக்காகவே பகலெல்லாம் அடுப்படியில் வெந்தாலும் தகும் என்று அவளுக்குத் தோன்றியது.

இரண்டு மாதம்கூட ஆகவில்லை, அமைச்சர் மகுடேசுவரர் புதிய ஆணையைப் படித்தார்.

"திருடர்கள் பெயர்களைக் காதால் திருடுகிறார்கள் என்று நிபுணர் குழு கண்டறிந்துள்ளது. ஆகவே குடிமக்களின் குடும்பங்களைக் காக்கும் பொருட்டு, இனி எவரும் எவர் பெயரையும் வாய்விட்டுச் சொல்லலாகாது. பாறை மீதும் கூடாது, வீட்டினுள்ளும் கூடாது. மேலும், ஒவ்வொரு குடும்பமும் ஒரு ரகசியச் சொல்லைத் தேர்ந்தெடுத்து, மறந்துபோகாதிருக்க, அதை வாசற்கதவில் தெளிவாக எழுதி வைக்க வேண்டும்."

கதவுகளில் எழுதினார்கள். அடுத்த மாதம் தீவில் எழுநூறு பேர் நின்றார்கள்.

ஊரில் கூப்பிடும் சத்தம் நின்றுபோயிற்று. தெருவில் பிள்ளைகளை, "ஏ, இங்க வா", "இந்தா, உன்னைத்தான்" என்று அழைத்தார்கள். ஒரு பிள்ளையைக் கூப்பிட்டால் ஐந்து பிள்ளைகள் திரும்பிப் பார்த்தன. செண்பகவல்லிக்கு மகள் பெயர் நாக்கு நுனிவரை வந்து நிற்கும், விழுங்கிக்கொள்வாள். பக்கத்து வீட்டுக்காரர் ஒட்டுக்கேட்பவர். பாறைக்கு மட்டும் போவதை அவள் விடவில்லை. இரண்டு கரையிலும் ஆட்கள் ஒருவரை ஒருவர் வாய்மூடிப் பார்த்துக்கொண்டு நின்றார்கள்.

கூப்பிட முடியாவிட்டால் சோறாவது அனுப்பலாம் என்று அவள் நினைத்தாள். தீவுக்குத் தண்ணீர் கொண்டுபோகும் அரசுப் படகில் ஒரு தூக்குவாளியைக் கொடுத்தாள். படகுக்காரர் தயங்கினார்.

"யாருக்குன்னு எழுதணுமே தாயி. பேரு இல்லாதவுகளுக்குப் பொட்டணம் போகாது."

"அப்ப பேரில்லாதவுகளுக்குன்னே எழுதுங்க."

அதற்கு விதியில் தடை எதுவும் இல்லை. ஆனால் அப்படி எழுதினால் அது எல்லோருக்கும் உரியதாகிவிடும். எழுநூறு பேருக்கும் சமமாகப் பங்கு வைக்க வேண்டும். தூக்குவாளிச் சோற்றை எழுநூறாகப் பங்கிட்டால் ஆளுக்கு எத்தனை பருக்கை வரும்? மறுநாள் அவள் ஒரு பானை அனுப்பினாள். அடுத்த வாரம் நாலு பானை. பிறகு கடையில் விற்பதைக் குறைத்துக்கொண்டு கல்யாண அண்டாவில் பொங்கினாள். அந்த எழுநூற்றில் ஒரு கை அவனுக்குப் போய்ச் சேர வேண்டும், அதற்கு எழுநூறு கை வடிக்க வேண்டும். பாறைக்கு வரும் பெண்கள் இதைக் கேள்விப்பட்டு அரிசியும் விறகுமாகக் கொண்டுவந்தார்கள். அவர்களுக்கும் ஆளுக்கொரு கை அங்கே இருந்ததே. அண்டா இறங்கிய முதல் நாள் சாயங்காலம், எதிர்க்கரையில் அந்த உருவம் வலது கையை வாயருகே கொண்டுபோய் அப்படியே வெகுநேரம் வைத்திருந்தது.

செண்பகவல்லி அன்று வீட்டுக்கு வந்து அடுப்பு மூட்டவில்லை. மகளை மடியில் போட்டுக்கொண்டு சும்மா உட்கார்ந்திருந்தாள்.

தேர்தல் நெருங்கியது. பிரிந்த குடும்பங்களின் கண்ணீர் அரசை உறுத்துவதாக அமைச்சர் அறிவித்தார். மூன்றே நாளில் குடும்ப ஒருங்கிணைப்பு ஆணை பிறந்தது: எந்த வீட்டில் ஓர் ஆளின் இடம் காலியாக இருக்கிறதோ, அந்தப் பெயருக்குரிய வில்லையை வைத்திருப்பவர் அந்த வீட்டில் போய் வசிக்க வேண்டும்.

அப்படித்தான் ஒருநாள் முற்பகல், காவலர் ஒருவர் கொண்டுவந்து விட, ஐம்பது வயது மதிக்கத்தக்க ஒரு மனிதர் சோற்றுக்கடை வாசலில் வந்து நின்றார். கழுத்தில் ஆவுடையப்பனின் வில்லை. காவலர் கையெழுத்து வாங்கிக்கொண்டு, "குடும்பம் ஒருங்கிணைந்தது" என்று ஏட்டில் குறித்துவிட்டுப் போனார்.

செண்பகவல்லி அகப்பையை ஓங்கியபடி நின்றாள். வந்தவர் வாசற்படியைத் தாண்டவில்லை.

"அடிக்கணும்னா அடி தாயி. நான் உள்ள வர மாட்டேன். இந்தத் தாழ்வாரத்துல ஒரு ஓரமாக் கெடக்கேன். அவனுக வந்து பாத்தா இருக்கணும், அவ்வளவுதான்."

"அவுக பேர எடுத்துட்டு வந்து நிக்கீரே, வெக்கமா இல்ல?"

"எடுக்கல. ஒன்பதாம் சாளரத்துல கேட்டேன், இது சும்மாதான் கெடக்கு, ஆளு வெளிநாட்டுல இருக்கான்னு சொல்லிக் கொடுத்தாக. வில்லை இல்லாம அரிசி கெடைக்காதுல்லா? மூணு நாள் பட்டினி."

"உம்ம பேரு என்னாச்சு?"

அவர் தெருவை இருபுறமும் பார்த்தார். எழுத்து தேய்ந்துபோன தன் வில்லையைப் புதுப்பிக்க மாளிகையில் கொடுத்ததாகவும், திரும்ப வாங்கப் போனபோது, அந்தப் பெயருக்குரியவர் ஏற்கெனவே மாளிகைக்குள்தான் இருக்கிறார் என்று சொல்லித் துரத்திவிட்டதாகவும் சொன்னார்.

"அவருக்குச் சொந்தப் பேருல தேர்தல்ல நிக்க முடியாதாம். பழைய பேருல என்னென்னமோ வழக்குக் கெடக்காம். ஒரு குத்தமும் இல்லாத பேரா ஒண்ணு வேணும்னு தேடியிருக்காக. என் பேரு அம்புட்டுச் சுத்தமா இருந்துருக்கு."

அவள் காதருகே குனிந்து தன் பெயரைச் சொன்னார். செண்பகவல்லியின் கை தானாகத் தாழ்ந்தது. வெள்ளையடித்த சுவரில் புதிதாக மாற்றி எழுதியிருந்த அந்தப் பெயரை அன்று காலையில்கூட அவள் பார்த்திருந்தாள். தினமும் அதைத் தாண்டித்தான் அரிசிக்கடைக்குப் போவாள்; ஒவ்வொரு எழுத்தும் அவள் உயரம் இருக்கும்.

அவள் ஒரு வாழை இலையைத் தாழ்வாரத்தில் விரித்துச் சோறு போட்டாள். அவர் சாப்பிட்டு முடித்துக் கை கழுவும்போது, விளையாடிக்கொண்டிருந்த வடிவைப் பார்த்தார்.

"பிள்ளைக்கு வில்லை வாங்கியாச்சா?"

"பொறந்த வருசமே வாங்கியாச்சு."

"ஒருதரம் போயி ஏட்டைப் பாத்துட்டு வந்துரு தாயி. இப்பப் பிள்ளைக பேருக்குத்தான் கிராக்கி. வளந்து ஆளாகுற வரைக்கும் யாரும் எடுத்துப் பாக்க மாட்டாகல்ல?"

அவள் கைவேலையை அப்படியே போட்டுவிட்டு ஓடினாள். கயிலாசம் ஏட்டைப் புரட்டி, வழக்கமான மகிழ்ச்சியோடு வாசித்தார்: ஆறு வயதுள்ள வடிவு இரண்டாம் துறைமுகத்தில் கள்ளுக்கடை நடத்துகிறார். மூன்று தேர்தல்களில் தவறாமல் வாக்களித்திருக்கிறார். சென்ற ஆவணியில் மனைவியை இழந்தார்.

"மிகவும் பொறுப்பான குடிமகன். நீங்கள் பெருமைப்படலாம்."

செண்பகவல்லி வெளியே வந்தாள். கோட்டைச் சுவரோரம் நடந்தபோது அவளுக்குக் கோபம்கூட வரவில்லை. இத்தனை நாள் எதைக் காப்பாற்றிக்கொண்டு இந்தக் கரையில் நின்றோம் என்று யோசித்தாள். மகளுக்காகத்தான் இங்கே இருக்கிறேன் என்று நினைத்திருந்தாள். மகளை எழுதிவைத்த இடத்தில் இப்போது ஒரு கள்ளுக்கடைக்காரன் இருந்தான். பெயரைச் சொல்லிக் கூப்பிடவும் வழியில்லாத ஊரில் மகள் வளர்ந்துகொண்டிருந்தாள். ஆறு வயசு ஏழாகும், எட்டாகும். அவன் அந்தக் கரையிலிருந்து பார்த்துக்கொண்டே இருப்பான்.

மறுநாள் காலை அவள் மகளைக் கூட்டிக்கொண்டு ஒன்பதாம் சாளரத்துக்கு மறுபடி வந்தாள். இருவர் கழுத்தும் வெறுமையாக இருந்தது.

"வில்லை எங்கே?" என்றார் கயிலாசம்.

"கடல்ல போட்டுட்டேன்."

"விழுந்துவிட்டதா?"

"இல்ல அய்யா. போட்டேன். கவனக்குறைவுக்குத் தண்டனை என்னமோ உண்டுன்னு சொன்னீகளே, அத எழுதுங்க."

கயிலாசத்தின் பேனா நின்றது. அவர் முதன்முறையாகச் சாளரத்தின் வழியே முகத்தைக் கொண்டுவந்து அவளைப் பார்த்தார். "அம்மணி, அங்கே மரங்கூட இல்லை" என்றார்.

"தெரியும். தினமும் பாத்துட்டுத்தானே இருக்கேன்."

படகில் அண்டாவையும் ஏற்றிக்கொண்டாள். பாறைக்கு வரும் பெண்கள் துறையில் கூடி நின்று பார்த்தார்கள். படகு கிளம்பும் நேரத்தில் தாழ்வாரத்து மனிதர் ஓடிவந்து, "இத நீயே கொண்டுபோயிக் கொடுத்துரு" என்று ஆவுடையப்பனின் வில்லையைக் கழற்றி நீட்டினார். அவள் வாங்கவில்லை. "நீரே வந்து கொடும்" என்றாள். அவரும் ஏறிக்கொண்டார்.

தீவில் படகு தரைதட்டியபோது ஆவுடையப்பன் முழங்கால் தண்ணீரில் நின்றான். அவள் மகளைத் தூக்கிப் படகின் விளிம்பில் நிறுத்தினாள்.

"தினமும் ஒரு கை கெடச்சுது" என்றான்.

"உப்பு சரியா இருந்துதா?"

"இருந்துது."

அவ்வளவுதான் பேசினார்கள். பிறகு அவன் படகின் விளிம்பில் நின்ற குழந்தையைப் பார்த்து, "வடிவு" என்று கூப்பிட்டான்.

குழந்தை திரும்பித் தன் பின்னால் பார்த்தது, யாரைக் கூப்பிடுகிறார்கள் என்று. அங்கே யாரும் இல்லை. ஆவுடையப்பன் மறுபடி கூப்பிட்டான், இந்த முறை மெதுவாக. குழந்தை தன் நெஞ்சில் கை வைத்து, "நானா?" என்று கேட்டது. செண்பகவல்லி அப்போதுதான் அழுதாள்.

தீவில் பெயர் சொல்லத் தடை இல்லை. பெயரே இல்லாதவர்களுக்கு எதற்குத் தடை என்று அரசு விட்டுவைத்திருந்தது. ஆகவே அங்கே விடிந்தது முதல் ஒருவரை ஒருவர் பெயர் சொல்லிக் கூப்பிட்டபடியே இருந்தார்கள்; வேலை இருந்தாலும் இல்லாவிட்டாலும். தாழ்வாரத்து மனிதரையும் அவர் சொந்தப் பெயராலேயே அழைத்தார்கள். "ஏ சொரிமுத்து, அண்டாவ ஒரு கை பிடிடே!" என்று யாராவது சொல்லும்போது, புதிதாக வந்தவர்கள் திடுக்கிட்டுக் கோட்டைச் சுவர்ப் பக்கம் பார்ப்பார்கள்.

புதிதாக வருகிறவர்களுக்குக் குறைவே இல்லை. செண்பகவல்லி போன நாலாம் நாள், பாறைப் பெண்கள் பதினெட்டுப் பேர் பிள்ளைகளோடும் அரிசி மூட்டைகளோடும் வந்தார்கள். பிறகு அவர்களுடைய அக்கா தங்கைகள். பிறகு காலியான வீட்டருகே இருக்கப் பிடிக்காத பக்கத்து வீட்டுக்காரர். பிள்ளையை ஒருதரம் பெயர் சொல்லிக் கூப்பிட வேண்டும் என்பதற்காகவே ஒரு காவலர் சீருடையோடு வந்தார். ஆனாலும் எல்லோருக்கும் ஊர் நினைப்பு இருந்தது. சாயங்காலமானால் இப்போது இந்தக் கரையில் நின்று அந்தக் கரையைப் பார்த்தார்கள். துறைமுகச் சுவரிலிருந்து மூன்றாவது ஓட்டுக்கூரை செண்பகவல்லியின் கடை. அதிலிருந்து புகை வராமல் இருப்பது அவளுக்குப் பல்லில்லாத வாய் போலத் தெரிந்தது. நல்ல தண்ணீர்க் கிணறு, அரிசிக்கடைத் திருப்பம், தலைவைத்துப் படுத்த இடம் எல்லாம் அங்கே இருந்தன. கூப்பிடு தூரம்தான்.

தேர்தலன்று உச்சிவேளையில் ஒரே ஒரு படகு வந்தது. அதிலிருந்து ஒரு துணி மூட்டையோடு இறங்கியவர் கயிலாசம். கழுத்தில் வில்லை இல்லை. மாளிகைப் பேச்சும் அவரிடம் இல்லை.

செண்பகவல்லி இலை போட்டுப் பரிமாறினாள். அவர் பசியோடு சாப்பிட்டார்.

"தேர்தல் என்னாச்சு அய்யா?"

"நூத்துக்கு நூறு தாயி. இதுவரைக்கும் இப்பிடி ஆனதே இல்ல. நீ போட்டுருக்க, உன் வீட்டுக்காரர் போட்டுருக்காரு, பிள்ளை போட்டுருக்கு. எல்லாம் அவருக்குத்தான்."

"அங்க யாரு இருக்கா இப்ப?"

கயிலாசம் யோசித்தார். "அமைச்சர் இருக்காரு. வெற்றி முரசு அடிக்க ஆளில்ல, அவரே அடிக்காரு. பெருங்காவலர் இருக்காரு. பேரெல்லாம் பத்திரமா இருக்கு. இந்த வருசம் ஒரு பேருகூடத் திருடு போகல."

காற்று விழுந்தது. அக்கரையிலிருந்து முரசுச் சத்தம் தாளமில்லாமல் வந்து நின்றது. அதைத் தொடர்ந்து ஒரு குரல், "என் அன்பு மக்களே!" என்று கேட்டது. கைதட்டலுக்காகக் கொஞ்சம் நிறுத்தியது. வெகுநேரம் நிறுத்தியது. தீவில் எல்லோரும் பந்தியில் இருந்தார்கள்.

பிறகு அந்தக் குரல், வாக்களித்தவர்களுக்கு நன்றி சொல்லும் முறைப்படி, ஏட்டைப் பார்த்து ஒவ்வொரு பெயராக வாசிக்கத் தொடங்கியது. ஒவ்வொரு பெயருக்கும் பிறகு ஒரு கணம் பொறுத்துப் பார்த்தது. முதலில் வாசிப்பாக இருந்தது, போகப்போகக் கூப்பிடுவது போல ஆயிற்று. ஆவுடையப்பன், செண்பகவல்லி என்று தண்ணீரைத் தாண்டி வந்தது. இலையிலிருந்து யாரும் நிமிரவில்லை.

"வடிவு!" என்றது குரல். பிறகு இன்னொரு முறை, "வடிவு!"

குழந்தை சாப்பிடுவதை நிறுத்திவிட்டுத் தலையைத் தூக்கியது. செண்பகவல்லி இன்னும் ஒரு கை சோற்றை அதன் இலையில் வைத்தாள்.

"உன்னைய இல்லட்டி," என்றாள். "சாப்பிடு."